எட்டு நாளைக்கு முன்னால் இறந்தவர்

ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணிக்கு நடை தொடங்கும் என்றுதான் அறிவிப்பில் போட்டிருப்பேன். ஏழரைக்கு முன்னால் ஒருநாளும் தொடங்கியதில்லை. ஓசூரிலிருந்தும் பெங்களூரிலிருந்தும் வருகிறவர்கள் கிருஷ்ணகிரி ரவுண்டானா பக்கத்தில் காரை நிறுத்த இடம் தேடி, டீ குடித்து, கழிப்பறை எங்கே என்று என்னையே கேட்டு, ஒரு வழியாக ஒன்றுசேர அவ்வளவு நேரம் ஆகும். நான் கழுத்தில் சின்ன மைக்கையும் இடுப்பில் ஸ்பீக்கரையும் மாட்டிக்கொண்டு, பல்லைக் காட்டியபடி நிற்பேன்.

என் பெயர் ஜேம்ஸ். 'ஏழாம் மதகு' படம் எடுத்த இடங்களை நடந்தே சுற்றிக் காட்டுவது என் தொழில். படம் வந்து பதினோரு வருஷம் ஆகிறது. வந்த புதிதில் ஒரு வாரம்கூட ஓடவில்லை. பிறகு டிவியில் திரும்பத் திரும்பப் போட்டு, ஃபோனில் துண்டு துண்டாகப் பரவி, இன்றைக்கு அதன் வசனங்களை மனப்பாடமாக ஒப்பிக்கிற கூட்டம் ஒன்று உருவாகிவிட்டது. அவர்களுக்குப் பழையபேட்டை ஒரு புண்ணிய ஸ்தலம். எனக்கு அது நான் பிறந்து வளர்ந்த, சாக்கடை நாறுகிற தெருக்கள். ஆனாலும் மைக்கைப் பிடித்துவிட்டால் எனக்கும் அது ஸ்தலமாகிவிடும்.

மொத்தம் ஆறு நிறுத்தங்கள். கதாநாயகன் ஒளிந்துகொள்கிற டீக்கடை, அவன் தாண்டிக் குதிக்கிற சுவர், மாங்காய் மண்டி, மூடிக் கிடக்கிற தியேட்டர், மலையடிவாரப் படிக்கட்டு. சுவரைத் தாண்டியது உண்மையில் டூப். அந்த நேரத்தில் கதாநாயகன் எதிர்வீட்டு நிழலில் இளநீர் குடித்துக்கொண்டிருந்தார். இதைச் சொன்னால் எல்லோரும் சிரிப்பார்கள். ஆறாவது நிறுத்தம் பேட்டைக் கடைசியில் இருக்கிற நீலக்கதவு வீடு. அங்கே யாரும் சிரிக்க மாட்டார்கள்.

அந்த வீட்டு வாசலில்தான் சாவுக் காட்சி எடுத்தார்கள். கதாநாயகனின் அண்ணன் இறந்துகிடக்க, அண்ணன் மனைவி வீட்டுக்குள்ளிருந்து ஓடிவந்து அழுகிற காட்சி. ஒரே ஒரு நிமிஷம்தான். அந்த அழுகையைக் கேட்டுக் கலங்காத ஆளை நான் பார்த்ததில்லை. அழுதவர் நடிகை இல்லை, நாகரசம்பட்டியிலிருந்து கூட்டத்தில் நிற்க வேனில் வந்த ஒரு சாதாரணப் பெண்மணி என்று சொல்வேன். கூட்டம் வாயைப் பிளக்கும். ஒரு நொடி விட்டு, குரலை இறக்கிக்கொண்டு அடுத்ததைச் சொல்வேன்.

"அந்த அழுகை நடிப்பில்லைங்க. ஷூட்டிங்குக்கு எட்டு நாளைக்கு முன்னாலதான் அந்தம்மாவோட வீட்டுக்காரர் இறந்துபோயிருந்தார்."

அவ்வளவுதான். பெண்கள் முந்தானையால் கண்ணைத் துடைப்பார்கள். ஆண்கள் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு தொண்டையைச் செருமுவார்கள். நடை முடிந்து எல்லோரும் என் கையைப் பிடித்துக் குலுக்கிவிட்டுப் போவார்கள்.

அது பச்சைப் பொய்.

முதல் நடையிலேயே பெங்களூரிலிருந்து வந்த ஓர் அம்மா, "எப்படிங்க இப்படி அழுதாங்க?" என்று கேட்டார். உண்மையைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அந்த இடத்தில் நாக்கில் வந்தது இது. அந்த அம்மா தேம்பி அழுததைப் பார்த்து அடுத்த வாரமும் சொன்னேன். அதற்கடுத்த வாரம் 'எட்டு நாள்' என்று கணக்கும் சேர்ந்துகொண்டது. என் மனைவி அருள்செல்வி ஒருமுறை நடைக்கு வந்து இதைக் கேட்டுவிட்டு, அந்த வருஷம் கல்லறைத் திருநாளன்று, எங்கள் அப்பா கல்லறையில் ஏற்றியதோடு, முகம் தெரியாத அந்த மனிதருக்கும் தனியாக ஒரு மெழுகுவத்தி ஏற்றினாள். நான் பக்கத்தில் நின்று காற்றில் அணையாமல் கை வைத்து மறைத்தேன். பாவசங்கீர்த்தனத்தில்கூட இதைப் பிரித்துச் சொன்னதில்லை. "பொய் சொன்னேன் சாமி" என்று மொத்தமாகச் சொல்லி, பரிகாரமாக மூன்று அருள்நிறை மரியே ஜெபம் வாங்கிக்கொண்டு வந்துவிடுவேன்.

போன மாதம் ஒரு பையன் நான் பேசுவதை வீடியோ எடுத்துப் போட்டான். மூன்று லட்சம் பேர் பார்த்துவிட்டார்கள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. வந்தவன் போனவனுக்கெல்லாம் ஃபோனை எடுத்துக் காட்டினேன்.

இரண்டு வாரம் கழித்து, ஒரு ஞாயிற்றுக்கிழமைப் பட்டியலில் 'ஹரிணி, ஒருவர்' என்று ஒரு பதிவு இருந்தது. பெண்பிள்ளை யாரும் தனியாக வரவில்லை. அந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டபோது ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒருவர் கை தூக்கினார். கட்டம்போட்ட சட்டை, நன்றாகத் தேய்த்த பேண்ட், கம்பெனியில் கொடுக்கிற கறுப்பு ஷூ. "எம் பொண்ணு போட்டுக் குடுத்துதுங்க" என்றார். ஐந்து நிறுத்தங்களுக்கும் கடைசி ஆளாக நடந்து வந்தார். டூப் கதைக்குச் சிரித்தார். படிக்கட்டு ஏறும்போது மூச்சு வாங்கிய ஒரு பாட்டியம்மாவின் பையை வாங்கிக்கொண்டார். நல்ல மனிதர் என்று நினைத்துக்கொண்டேன்.

நீலக்கதவு வீட்டு முன்னால் வழக்கம்போலக் குரலை இறக்கிச் சொன்னேன். அவர் மறுபடியும் கை தூக்கினார்.

"சார், நான்தாங்க அந்த வூட்டுக்காரரு" என்றார்.

யாரோ ஒருவன் களுக்கென்று சிரித்தான். அவ்வளவுதான், முப்பது பேரும் சேர்ந்து சிரித்தார்கள், கை தட்டினார்கள். நான் ஏற்பாடு செய்து நிறுத்திய ஆள் என்று நினைத்துவிட்டார்கள். இரண்டு பெண்கள் ஓடிப்போய் அவரோடு நின்று செல்ஃபி எடுத்துக்கொண்டார்கள். "சூப்பர் அங்கிள், செத்தவரே வந்துட்டீங்க" என்றாள் ஒருத்தி. அவர் என்ன செய்வதென்று தெரியாமல் கைகளைக் கட்டிக்கொண்டு என்னைப் பார்த்தபடி நின்றார்.

அந்த நிமிஷம் எனக்கு ஒரு வாய்ப்பு இருந்தது. மைக் கையில் இருந்தது. நான் என்ன செய்தேன் தெரியுமா? நானும் சிரித்தேன். "அண்ணன் ரொம்ப தமாஷ் பேர்வழிங்க" என்று மைக்கிலேயே சொன்னேன்.

கூட்டம் கலைந்து எல்லோரும் போகும்வரை அவர் நீலக்கதவு வீட்டுச் சுவரோரமாகவே நின்றார். நான் ஸ்பீக்கர் வயரைச் சுற்றினேன், அவிழ்த்தேன், மறுபடி சுற்றினேன். வேறு வழியில்லாமல் கடைசியில் போய் நின்றேன்.

"எம் பேரு தீர்த்தகிரிங்க" என்றார். "ஓசூர்ல ஒரு கம்பெனியில, தகடு அடிக்கற பிரஸ் ஷாப்ல இருக்கறேன். காவேரி எம் பொண்டாட்டி."

"அண்ணா, மன்னிச்சிருங்கண்ணா. ஜனங்க கேக்கறாங்களேன்னு ஒரு வார்த்தை..."

"வீடியோவ மொதல்ல பாத்தப்போ நான் சிரிச்சேங்க. உசிரோட இருக்கறவன செத்தான்னா ஆயுசு கெட்டின்னு சொல்வாங்க இல்ல, அப்படி நெனச்சிக்கினேன். ஆனா இப்போ எம் பொண்ணு கல்யாணம் நிக்குதுங்க."

விஷயத்தை மெதுவாக, கோபமே இல்லாமல் சொன்னார். மகள் ஹரிணியும் ஹரீஷ்குமார் என்கிற பையனும் ஓசூரில் ஒரே கம்பெனியில் வேலை. பிடித்துப்போய் இரண்டு வீட்டிலும் சொல்லி, பேசி முடித்து, வெற்றிலை மாற்ற நாளும் பார்த்தாகிவிட்டது. பையனுக்கு ஊர் தளிக்கு அப்பால் ஜவளகிரி. அந்தப் படத்தில் அழுதது காவேரிதான் என்று முன்பே தெரிந்த பையனின் அம்மா நஞ்சம்மா அந்த வீடியோவைப் பார்த்திருக்கிறார். காவேரியின் புருஷன் பதினோரு வருஷத்துக்கு முன்னாலேயே செத்துப்போனான் என்றால், இப்போது அப்பா என்று வந்து உட்கார்ந்திருக்கிற இந்த ஆள் யார் என்று கேட்டு ஆள் அனுப்பிவிட்டார்.

"நாங்க சொன்னா நம்ப மாட்டேங்கறாங்க. கோயில்ல தாலி கட்டுனது, போட்டோ கூட இல்ல. ஆதார் காட்டுனா, அத எப்போ வேணா மாத்தலாம்னு பதில் வருது. சொந்தக்காரங்க எங்களுக்காகச் சொல்றாங்களாம். நீங்க யாரோ எவரோ, மைக் வெச்சி முப்பது பேரு முன்னாடி சுள்ளு எதுக்குச் சொல்லப் போறீங்கன்னு கேக்கறாங்க." சுள்ளு என்றால் கன்னடத்தில் பொய். அந்தப் பக்கத்து வார்த்தை அவர் வாயில் ஒட்டிக்கொண்டிருந்தது. "நீங்க ஒரு தபா வந்து ஒரு வார்த்த சொல்லிட்டீங்கன்னா போதுங்க."

வருகிறேன் என்றேன். அப்போது அவர் முகம் மலர்ந்துவிட்டது. அதோடு விட்டிருக்கலாம். நீலக்கதவைத் திரும்பிப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

"இன்னொண்ணுங்க. அது நெசமான அழுகைன்னு சொல்றீங்களே, அதான் எனக்கு மனசுக்கு ஆவல. காவேரி நடிச்சதுங்க அது. எட்டாவது கூடத் தாண்டாதவ. டைரக்டரே எந்திரிச்சி நின்னு கை தட்டுனாராம். எங்க பிரஸ் ஷாப்ல அத்தனை பேருக்கும் அந்த சீன காட்டியிருக்கறேன். எம் பொண்டாட்டியோட நடிப்ப நீங்க இல்லேன்னு ஆக்கிட்டீங்க."

காவேரி இவரிடம் எதையுமே சொல்லவில்லை என்று அப்போதுதான் எனக்குப் புரிந்தது.

நடந்தது இதுதான். அன்றைக்கு நான் கூட்டத்துக்கு ஆள் பிடித்துத் தருகிற உள்ளூர் ஏஜென்ட். அண்ணன் மனைவியாக நடிக்க வேண்டிய நடிகை சென்னையிலிருந்து வரவேயில்லை. டைரக்டர் கூட்டத்தில் தேடிக் காவேரியைக் கை காட்டினார். அந்தம்மா முதலில் மாட்டேன் என்றது. புருஷன் இருக்கும்போது இப்படி ஒரு வேஷமா என்று பயம். தாலியையும் வளையலையும் யாரும் தொடக் கூடாது, முகத்தை மட்டும்தான் எடுக்க வேண்டும் என்று நான் பேசிச் சம்மதிக்க வைத்தேன். ஆனால் அழுகை வரவில்லை. கிளிசரின் போட்டால் கண்ணீர் வந்தது, முகம் சும்மா இருந்தது. ஏழு டேக். வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. டைரக்டர் என்னிடம் வந்து, "இன்னும் பத்து நிமிஷத்துல இந்தம்மா அழல, உன் கூட்டத்தோட நீயும் கிளம்பு" என்றார்.

நான் வீட்டுக்குள் போனேன். அந்தம்மா கதவுக்குப் பின்னால் நின்றிருந்தது. கேமரா ஓடுகிறது என்று எனக்குத் தெரியும். "அக்கா, கம்பெனியிலேர்ந்து ஃபோன் வந்துச்சு. உங்க வீட்டுக்காரர் மிஷின்ல மாட்டிக்கிட்டாராம். உசுரு இல்லையாம்" என்று காதோடு சொன்னேன்.

அந்தம்மா ஓடிவந்ததைத்தான் நீங்கள் எல்லோரும் பார்த்தீர்கள்.

கட் சொன்னதும் நானே ஓடிப்போய், "பொய்யிக்கா, பொய், அழறதுக்காகச் சொன்னேன்" என்றேன். எல்லோரும் கை தட்டிக்கொண்டிருந்தார்கள். அந்தம்மா தரையில் உட்கார்ந்துவிட்டது. "நெசமா உசுரோட இருக்காரா?" என்று நாலைந்து தடவை கேட்டது. இன்னும் ஷிஃப்ட் முடியவில்லை, கம்பெனிக்குள் இருப்பவருக்கு ஃபோன் போட்டுக் கொடுக்கவும் வழியில்லை. எல்லோருக்கும் பிரியாணி வந்தது. அந்தம்மா தொடவில்லை. வேனில் ஏறும்போது என்னிடம், "இத அவருகிட்ட சொல்லிடாதீங்க. உங்கள வெட்டிப் போட்டுடுவாரு" என்று மட்டும் சொன்னது. அப்பாடா என்றிருந்தது எனக்கு. அந்த 'அப்பாடா'வை நினைத்தால்தான் இன்றைக்கும் எனக்கு என்மேல் அருவருப்பாக இருக்கிறது.

வியாழக்கிழமை தீர்த்தகிரி லீவு போட்டுவிட்டார். வாடகைக் கார் பிடித்துக்கொண்டு வந்தார்கள். முன்சீட்டில் என்னை உட்காரவைத்தார்கள். பின்னால் அவரும் காவேரியும். ஹரிணி வரவில்லை. பதினோரு வருஷத்தில் காவேரி கொஞ்சம் பருத்திருந்தார், காதோரம் நரைத்திருந்தது. "நல்லா இருக்கீங்களா சார்? சாப்டீங்களா?" என்று கேட்டார். தலையை ஆட்டினேன்.

தளியில் டீ குடிக்க நிறுத்தினோம். தீர்த்தகிரி பழம் வாங்கப் போன நேரம் பார்த்துக் காவேரி என் பக்கத்தில் வந்து நின்றார்.

"பொய் சொன்னேன்னு மட்டும் சொல்லிட்டு வந்துடுங்க சார். அன்னிக்கு நீங்க எங்கிட்ட சொன்னத சொல்ல வேணாம்."

"ஏங்கக்கா?"

"அவரு நான் நடிச்சேன்னு நெனச்சிக்கினு இருக்காரு. ஊரெல்லாம் சொல்லிக்கினு சந்தோசமா இருக்காரு. அது அப்படியே இருக்கட்டும்."

சரி என்றேன். உள்ளுக்குள் எனக்கு மறுபடியும் நிம்மதியாகத்தான் இருந்தது. இரண்டாம் தடவையும் அந்தம்மாவே என்னைக் காப்பாற்றுகிறது. மனுஷன் திருந்துகிற லட்சணம் இதுதான்.

ஜவளகிரியில் நஞ்சம்மாவின் வீடு காட்டோரம். யானைக்குப் பயந்து சுற்றிலும் பள்ளம் தோண்டியிருந்தார்கள். வாசலில் ஒரு டிராக்டர் நின்றது. நஞ்சம்மா ஒல்லியான, நெற்றியில் திருநீறு மட்டும் பூசிய அம்மா. கடுமையானவராக இருப்பார் என்று நினைத்துக்கொண்டு போனேன். பாயை விரித்து, நீர்மோர் கொடுத்து, மரியாதையாகத்தான் உட்காரவைத்தார். பையன் ஹரீஷ்குமார் சுவரில் சாய்ந்து நின்றான். இரண்டு வாரமாகத் தூங்காத முகம்.

நான் தொண்டையைச் செருமிக்கொண்டு தொடங்கினேன். நடையில் சொன்னது நானாகக் கட்டிய கதை. ஜனங்களைக் கவர்வதற்காகச் சொன்னது. இவர்தான் காவேரியின் கணவர், அன்றைக்கும் உயிரோடு இருந்தார், இன்றைக்கும் இருக்கிறார். என் புத்தி கெட்டுப்போய்ச் சொன்னதற்கு மன்னித்துவிடுங்கள். கையெடுத்துக் கும்பிட்டேன். நன்றாகவே பேசினேன். பேசுவதுதானே என் பிழைப்பு.

நஞ்சம்மா முழுவதும் கேட்டார். பிறகு பையனிடம், "அத போடுப்பா" என்றார். ஹரீஷ்குமார் ஃபோனை எடுத்து அந்தக் காட்சியைப் போட்டான். காவேரியின் அலறல் அந்தச் சின்ன வீடு முழுவதும் கேட்டது. காவேரி பாயின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு தலையைக் குனிந்துகொண்டார். தீர்த்தகிரி மட்டும் எல்லோரையும் பெருமையாகப் பார்த்தார்.

"ரெண்டாம் கல்யாணம் பண்ணிக்கினா தப்புன்னு நான் சொல்லலீங்க" என்றார் நஞ்சம்மா. "எனக்கு அந்த மாதிரி புத்தி இல்ல. மறைக்கறதுதான் எனக்கு ஆவாது. எம் வூட்டுக்காரரு போர்வெல் லாரியில போயி செத்தாரு. சேதி வந்தப்போ நானு இதே மாதிரிதான் அழுதேன். இதே சத்தம். எம் மாமியா இன்னும் அத சொல்லுவாங்க. இது நடிப்பு இல்லீங்க. புருசன் போன சேதி கேட்டவ அழற அழுகை இது. மைக்ல சொன்னது சுள்ளுன்னு நீங்க சொல்றீங்க. இப்போ சொல்றது மட்டும் நெசம்னு நானு எப்படி நம்பறது?"

"இல்லீங்க, அவ நல்லா நடிப்பாங்க" என்றார் தீர்த்தகிரி அவசரமாக. "சின்ன வயசிலேர்ந்தே..."

"நீங்க சும்மா இருங்க அண்ணா" என்றார் நஞ்சம்மா. "அவரு சொல்லட்டும்."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் காவேரியைப் பார்த்தேன். அவர் நிமிரவேயில்லை. தளியில் அவருக்குக் கொடுத்த வாக்கைக் காப்பாற்றினால் அவர் மகளின் கல்யாணம் அங்கேயே முடிந்துவிடும். வாயைத் திறந்தால் அவர் பதினோரு வருஷமாக மூடிவைத்தது போய்விடும். எதைச் செய்தாலும் அந்தம்மாவுக்குத்தான் நஷ்டம். நான் மூட்டிய நெருப்பில் எனக்கு ஒரு கொப்புளம்கூட இல்லை. சுவரோரம் நின்ற பையன் ஃபோனைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு வெளியே நடக்கத் தொடங்கினான்.

"தம்பி, நில்லுப்பா" என்றேன்.

மைக் இல்லாமல், குரலை ஏற்றாமல் இறக்காமல் சொன்னேன். ஏழு டேக் ஆனதைச் சொன்னேன். டைரக்டர் மிரட்டியதை முதலில் சொல்லப் பார்த்தேன், பிறகு அது எதற்கு என்று விட்டுவிட்டேன். கதவுக்குப் பின்னால் போய் அந்தம்மாவின் காதில் சொன்ன வார்த்தைகளை அப்படியே சொன்னேன். உசுரு இல்லையாம் என்று சொன்னதையும் சொன்னேன். "இவங்க அழுதது நெசங்கம்மா. சேதிதான் பொய். அந்தச் சேதிய சொன்னவன் நான்."

நஞ்சம்மா எழுந்து வந்து காவேரியின் பக்கத்தில் உட்கார்ந்தார். காவேரியின் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார்.

"எவ்ளோ நேரம் கழிச்சி சொன்னாங்க, பொய்யின்னு?"

"ரெண்டு நிமிசம் இருக்கும்ங்க" என்றார் காவேரி.

"ரெண்டு நிமிசம்" என்றார் நஞ்சம்மா. "போதும் தாயி. அது என்னான்னு உனக்கும் தெரியும்." பிறகு என் பக்கம் திரும்பாமலே, "நீங்க வெளிய போயி உக்காருங்க" என்றார். நீர்மோர் கொடுத்தபோது இருந்த மரியாதை அந்தக் குரலில் இல்லை.

தீர்த்தகிரியின் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. எழுந்து வாசலுக்கு வந்து டிராக்டருக்குப் பக்கத்தில் நின்றேன். உள்ளே நஞ்சம்மா ஹரிணியின் பெயரைச் சொல்வதும், ஹரீஷ்குமார் ஃபோனில் யாரிடமோ "ஏய், அழாத, சரியாயிடுச்சி" என்பதும் கேட்டது. கல்யாணம் நடக்கும். நான் செய்ய வந்த காரியம் முடிந்துவிட்டது. இனிமேல் ஞாயிற்றுக்கிழமைகளில் ஆறாவது நிறுத்தம் கிடையாது என்றுகூட மனதுக்குள் முடிவு செய்துகொண்டேன். அது ஏதோ பெரிய தியாகம்போல எனக்கே தோன்றியது.

தீர்த்தகிரி வெளியே வந்தார். அடிக்கத்தான் வருகிறார் என்று நினைத்தேன். எனக்கு ரெண்டடி தள்ளி நின்று, காட்டுப்பக்கம் பார்த்தபடி பேசினார்.

"தெனமும் ஷிஃப்ட் முடிஞ்சா அவகிட்டேர்ந்து ஃபோன் வரும்ங்க. பஸ் ஏறிட்டீங்களான்னு கேப்பா. நான் எடுக்கலேன்னா சூப்பர்வைசருக்குப் போடுவா. அவரு எடுக்கலேன்னா பஸ் டிரைவருக்கு. எங்க பஸ்ல எனக்கு ஒரு பேரே வெச்சிருக்காங்க. உம் பொண்டாட்டிக்கு உம்மேல சந்தேகம்டான்னு சிரிப்பாங்க."

அவர் சட்டைப்பையிலிருந்த ஃபோனைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

"நானும் அப்படித்தான் நெனச்சேன். பதினோரு வருசமா அவளுக்கு சந்தேகப் புத்தின்னுதான் நெனச்சிக்கினு இருந்தேன். ரெண்டு வருசம் முன்னாடி, மேனேஜர் நிக்கறாரு, மீட்டிங் நடக்குது, ஃபோன் மேல ஃபோன். எல்லாம் சிரிச்சிட்டாங்க. வூட்டுக்குப் போன ஒடனே அறஞ்சிட்டேன். எவளோட இருக்கறேன்னு பாக்கறியான்னு கேட்டு அறஞ்சேன். பொண்ணு எதுர்லயே நின்னுச்சு. அவ ஒரு வார்த்த பேசல. அப்பவும் சொல்லல. அடுத்த நாளு சாயந்தரம் மறுபடியும் ஃபோன் வந்துச்சு."

அவர் குரல் உடைந்துவிட்டது. ஒரு ஆண் அப்படி நிற்பதைப் பக்கத்திலிருந்து பார்ப்பது எனக்குத் தாங்கவில்லை. என் கண்ணிலும் தண்ணீர் வந்துவிட்டது. அது வந்ததற்கே எனக்கு வெட்கமாக இருந்தது.

"அண்ணா, என்னை அடிச்சிருங்கண்ணா" என்றேன். "ரெண்டு அறை அறைங்க. நான் வாங்க வேண்டியதுதான்."

அப்போதுதான் அவர் என்னைத் திரும்பிப் பார்த்தார். நிதானமாக, நீலக்கதவு வீட்டு முன்னால் பார்த்ததைப் போலவே, கோபமில்லாமல் பார்த்தார்.

"அடிச்சா உங்களுக்குத் தீந்துடும்" என்றார். "எனக்கு?"

உள்ளேயிருந்து கல்யாணத் தேதி பேச அவரைக் கூப்பிட்டார்கள். சட்டையில் முகத்தைத் துடைத்துக்கொண்டு, ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு உள்ளே போனார்.